டெண்டர் நிபந்தனைக்குப் பொருள் சொல்லும் உரிமை யாருக்கு?

கேள்வியின் சாரம் இது: "பாதாளச் சாக்கடை டெண்டர் ஒன்றில் 'ஒத்த பணி' செய்த அனுபவம் வேண்டும் என்றிருந்தது. குடிநீர்க் குழாய் பதித்த சான்றிதழை வைத்தோம். அது ஒத்த பணி அல்ல என்று தொழில்நுட்ப உறையிலேயே, அதாவது விலை உறையைத் திறக்கும் முன்பே, நிராகரித்துவிட்டார்கள். நிபந்தனையை அவர்கள் தவறாகப் படிக்கிறார்கள். உயர் நீதிமன்றத்தில் ரிட் (அரசின் முடிவை எதிர்க்கும் மனு) போட்டால் சரியான பொருளைச் சொல்லாதா?"

அந்த ஒரே நம்பிக்கையில் போனால் பெரும்பாலும் வெறுங்கையோடுதான் திரும்ப வேண்டியிருக்கும். உங்கள் வாசிப்பு தவறு என்பதால் அல்ல. நீதிமன்றம் அந்தக் கேள்வியையே எடுத்துக்கொள்வதில்லை. 'இந்த வரிக்கு எது சரியான பொருள்' என்று அது பார்க்காது. துறை எடுத்த பொருள் அந்த வரிக்குள் அடங்கக்கூடியதா, நேர்மையாக எடுக்கப்பட்டதா, எல்லோருக்கும் ஒரே மாதிரி பயன்படுத்தப்பட்டதா, இவற்றைத்தான் பார்க்கும். இந்த வித்தியாசம் புரியாமல் போடப்படும் மனுக்கள்தான் அதிகம். வழக்கறிஞர்கள் சிலரும் அகராதியைத் தூக்கிக்கொண்டு போய் வாதாடித் தோற்கிறார்கள்.

முன்பு இப்படி இல்லை. 1979-இல் உச்ச நீதிமன்றம் தீர்த்த ரமணா தயாராம் ஷெட்டி வழக்கைப் பாருங்கள். பம்பாய் விமான நிலையத்தில் இரண்டாம் வகுப்பு உணவகம் ஒன்றும் சிற்றுண்டிக் கடைகள் இரண்டும் நடத்த டெண்டர். 'பதிவு பெற்ற இரண்டாம் வகுப்பு ஓட்டல் நடத்துபவர், குறைந்தது 5 ஆண்டு அனுபவம்' என்பது நிபந்தனை. டெண்டர் கிடைத்தவருக்கு கேன்டீன்கள் நடத்திய அனுபவம் பத்தாண்டுக்கு மேல் இருந்தது. அந்தப் பதிவு மட்டும் இல்லை. 'அனுபவம்தானே எங்களுக்கு முக்கியம், அந்த வரி எங்கள் திருப்திக்காகப் போட்டது' என்றது விமான நிலைய ஆணையம். நீதிமன்றம் ஒப்பவில்லை. வரி என்ன சொல்கிறதோ அதுதான் பொருள், தான் வகுத்த அளவுகோலை அரசு அமைப்பு தானே மீறக் கூடாது என்று நீதிபதி பகவதி எழுதினார். அப்படியும் மனுதாரருக்குப் பலன் கிடைக்கவில்லை. டெண்டர் ஏற்கப்பட்டது 1977 ஏப்ரலில், அவர் வழக்குப் போட்டது நவம்பரில். அதற்குள் டெண்டர் எடுத்தவர் பணம் போட்டு வேலையைத் தொடங்கியிருந்தார். சட்டம் மனுதாரர் பக்கம் நின்றது, உணவகம் எதிராளியிடமே தங்கியது. இன்றைக்கும் டெண்டர் வழக்குகள் முடியும் விதம் பெரும்பாலும் இதுதான் என்பதால்தான் தாமதம் பற்றிக் கீழேயும் சொல்கிறேன்.

1994-இல் டாடா செல்லுலார் தீர்ப்பு, முடிவை அல்ல, முடிவெடுத்த முறையைத்தான் நீதிமன்றம் பரிசீலிக்கும் என்று கோடு கிழித்தது. 2006-இல் ஜகதீஷ் மண்டல் தீர்ப்பு அதை இரண்டு கேள்விகளாகச் சுருக்கியது: முடிவில் கெட்ட நோக்கமோ, பொறுப்புள்ள எந்த அதிகாரியும் வந்திருக்க முடியாத அளவு தான்தோன்றித்தனமோ இருக்கிறதா? பொதுநலன் பாதிக்கப்படுகிறதா? இரண்டுக்கும் 'இல்லை' என்றால் தலையிடக் கூடாது.

பொருள்கோள், அதாவது நிபந்தனைக்குப் பொருள் சொல்லும் விஷயத்தில் பெரிய திருப்பம் 2016-இல் வந்தது. நாக்பூர் மெட்ரோ டெண்டரில் மெட்ரோ கட்டுமானப் பணி அனுபவம் கேட்டிருந்தார்கள். ஒரு கூட்டு நிறுவனம் சீனாவில் முத்து நதிக் கழிமுகப் பகுதியில் கட்டிய நகரிடை ரயில் திட்டத்தைக் காட்டியது. 'அது மெட்ரோ அல்ல' என்று நிராகரித்தது நாக்பூர் மெட்ரோ. பம்பாய் உயர் நீதிமன்றம் 'அதுவும் மெட்ரோ மாதிரிதான்' என்று கூட்டு நிறுவனத்தின் பக்கம் சாய்ந்தது. உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. டெண்டர் ஆவணத்தை எழுதியவரே தன் தேவையை நன்கு அறிந்தவர், அதற்குப் பொருள் சொல்லத் தகுந்தவரும் அவரே. கெட்ட நோக்கமோ அபத்தமோ இல்லாதவரை, நீதிமன்றத்துக்கு அந்த விளக்கம் பிடிக்காவிட்டாலும் விட்டுக்கொடுக்க வேண்டும் என்பது அஃப்கான்ஸ் எனப்படும் இந்தத் தீர்ப்பின் சாரம். அரசுத் தரப்பு வழக்கறிஞர்கள் எதிர்மனுவில் முதல் பக்கத்திலேயே இதைப் போட்டுவிடுவார்கள்.

உங்கள் வழக்கோடு ஒட்டிவருவது 2022 ஜனவரியில் தீர்ந்த அக்மாடெல் வழக்கு. நவோதயா வித்யாலயா சமிதி பள்ளி மாணவர்களுக்கு டேப்லெட் வாங்க அரசுக் கொள்முதலுக்கான ஜெம் இணையதளத்தில் டெண்டர் விட்டது. 'அதே அல்லது ஒத்த வகைப் பொருளை' முந்தைய மூன்று நிதியாண்டுகளில் ஏதாவது ஓர் ஆண்டில், டெண்டர் அளவில் 60 சதவீதம் சப்ளை செய்திருக்க வேண்டும் என்பது நிபந்தனை. ஒரு நிறுவனம் ஸ்மார்ட்ஃபோன் சப்ளை செய்த கணக்கைக் காட்டியது. 'ஸ்மார்ட்ஃபோன் வேறு, டேப்லெட் வேறு' என்று நிராகரித்தார்கள். இரண்டும் ஒரே குடும்பப் பொருள்தானே என்றது டெல்லி உயர் நீதிமன்றம். பொதுப்புத்திக்கு அது நியாயமாகவே படும். உச்ச நீதிமன்றமோ, கேட்டவருக்கு எது ஒத்தது என்று முடிவு செய்வது கேட்டவரே என்று சொல்லி நிராகரிப்பை உறுதி செய்தது.

அந்தத் தீர்ப்பில் இன்னொரு கதவும் சாத்தப்பட்டது. ஆவணத்தில் குழப்பம் இருந்தால் அதை எழுதியவருக்கு எதிராகவே பொருள் கொள்ள வேண்டும் என்று ஒரு பழைய விதி உண்டு. காப்பீட்டு வழக்குகளில் பாலிசிதாரருக்குக் கைகொடுப்பது அதுதான். 'டெண்டரை எழுதியது துறை, குழப்பத்தின் பலன் எனக்கு' என்று அதை இங்கே கொண்டுவரப் பார்ப்பார்கள். டெண்டருக்கு அந்த விதி பொருந்தாது என்றது நீதிமன்றம். காரணம் யோசித்தால் விளங்கும். பத்துப் பேர் போட்டியிடும் இடத்தில் ஒவ்வொருவரும் தனக்குச் சாதகமான பொருளைக் கொண்டுவந்து, எழுதியவருக்கு எதிராகப் படியுங்கள் என்றால், பத்துப் பொருள் வரும். எந்த டெண்டரும் முடியாது.

ஆகவே 'ஒத்த பணி' என்பதற்கு டெண்டரிலேயே விளக்கம் இருக்கிறதா என்பதை முதலில் பாருங்கள். 'பாதாளச் சாக்கடை அல்லது குடிநீர்க் குழாய்ப் பணிகள்' என்று விளக்கம் இருந்து, அதையும் மீறி நிராகரித்திருந்தால் உங்கள் வழக்கு வலுவானது. அது பொருள்கோள் பிரச்சினையே அல்ல, இருக்கிற எழுத்தை மீறியது. விளக்கமே இல்லாமல் மொட்டையாக 'ஒத்த பணி' என்றிருந்தால் துறையின் கைதான் மேலே. பாதாளச் சாக்கடையில் புவியீர்ப்பில் ஓடும் சரிவு, ஆள்நுழை குழிகள், ஆழமான தோண்டல், நிலத்தடி நீரை வெளியேற்றுவது எல்லாம் உண்டு. குடிநீர்க் குழாய் அழுத்தத்தில் ஓடுவது, ஆழம் குறைவு. இப்படி ஒரு தொழில்நுட்பக் காரணத்தைக் கோப்பில் எழுதியிருந்தார்கள் என்றால், பொறியியல் வித்தியாசத்தை நீதிபதி எடைபோட மாட்டார்.

இப்போது, இத்தகைய நிபந்தனைகளில் எந்தெந்த இடத்தில் உதை விழுகிறது என்று பார்ப்போம். மத்திய அரசுத் துறைகளும் பொதுத்துறை நிறுவனங்களும் பின்பற்றும் அனுபவ நிபந்தனைக்கு மூலம், மத்திய ஊழல் கண்காணிப்பு ஆணையம் 2002 டிசம்பரில் அனுப்பிய சுற்றறிக்கை. மதிப்பீட்டுத் தொகையில் தலா 40 சதவீதத்துக்குக் குறையாத மூன்று பணிகள், அல்லது தலா 50 சதவீதத்துக்கு இரண்டு, அல்லது 80 சதவீதத்துக்கு ஒன்று. சராசரி ஆண்டு விற்றுமுதல் 30 சதவீதம். 10 கோடி ரூபாய் வேலைக்கு 4 கோடியில் மூன்று, 5 கோடியில் இரண்டு, 8 கோடியில் ஒன்று. கணக்கு எளிது. சண்டை வருவது சொற்களில்தான்.

'டெண்டர் அழைக்கப்பட்ட மாதத்துக்கு முந்தைய மாதக் கடைசி நாளில் முடியும் 7 ஆண்டுகள்' என்பது அந்தச் சுற்றறிக்கையின் வாசகம். அறிவிப்பு 2025 ஜூலை 14-இல் வந்தது என்று வையுங்கள். காலம் 2018 ஜூலை 1 முதல் 2025 ஜூன் 30 வரை. ஜூலை 5-ஆம் தேதி முடிந்த பணி, டெண்டர் போடும் நாளுக்கு முன்பே முடிந்திருந்தாலும் செல்லாது. கடைசித் தேதியை ஆகஸ்டுக்குத் தள்ளித் திருத்த அறிவிப்பு வந்தாலும், அதில் தனியாகச் சொல்லாவிட்டால் அடிப்படை மாதம் மாறாது. மறு டெண்டர் வந்தால் மாறும். பழைய டெண்டரில் தகுதியாக இருந்த சான்று இதில் காலாவதியாகியிருக்கும். பணி 2017-இல் தொடங்கி 2019-இல் முடிந்தால்? 'முடிக்கப்பட்ட' என்ற சொல் இருந்தால் முடிந்த தேதியே கணக்கு, ஆகவே முழு மதிப்பும் சேரும். 'இந்தக் காலத்தில் செய்த' என்றிருந்தால், காலத்துக்குள் செய்த அளவு மட்டும் என்று துறை படிக்க இடமுண்டு. சான்றிதழ் கொடுத்த தேதியையும் பணி முடிந்த தேதியையும் குழப்பிக்கொள்வது அடுத்த தவறு. உள்ளே பணி முடிந்த தேதியே எழுதாத சான்றிதழ் என்றால், உங்கள் பழைய துறையிடமிருந்து டெண்டர் போடும் முன்பே திருத்தி வாங்குங்கள். போட்ட பிறகு வாங்கியது 'புதிய ஆவணம்' ஆகிவிடும்.

பழைய பணியின் மதிப்பை இன்றைய விலைக்கு உயர்த்திக் காட்டலாமா என்பதும் ஓயாத சண்டை. மத்திய பொதுப்பணித் துறை டெண்டர்களில் ஆண்டுக்கு 7 சதவீதம் தனிவட்டிக் கணக்கில் உயர்த்த அனுமதி உண்டு. 6.5 கோடிக்கு முடித்த வேலை, முடிந்து மூன்றரை ஆண்டு ஆகியிருந்தால் 24.5 சதவீதம் கூடி 8.09 கோடி ஆகும். 8 கோடி வேண்டிய இடத்தில் இது தகுதி, இல்லாவிட்டால் தகுதியின்மை. ஆனால் அந்த வரி உங்கள் டெண்டரில் இருக்க வேண்டும். 'மத்திய பொதுப்பணித் துறையில் உண்டே' என்று மாநிலத் துறை டெண்டரில் கேட்க முடியாது.

'சாலை மற்றும் பாலப் பணிகள்' என்பதில் உள்ள 'மற்றும்' எத்தனை வழக்கை வளர்த்திருக்கிறது! ஒரே ஒப்பந்தத்தில் இரண்டும் இருக்க வேண்டுமா, தனித்தனியாக இருந்தால் போதுமா? இரண்டு வாசிப்புக்கும் இடமிருக்கிறது. அப்படி இரண்டுக்கு இடமிருந்தாலே துறை எடுத்ததுதான் நிற்கும். டெண்டரோடு கட்ட வேண்டிய வைப்புத்தொகையில் குறு, சிறு நிறுவனங்களுக்கு விலக்கு இன்னொன்று: மத்திய அரசின் 2012 கொள்முதல் ஆணை பொருள்களுக்கும் சேவைகளுக்கும்தான், கட்டுமான ஒப்பந்தங்களுக்கு அல்ல. உத்யம் (குறு, சிறு நிறுவனப் பதிவு) சான்றிதழை மட்டும் இணைத்துவிட்டு வைப்புத்தொகை கட்டாமல் விட்டு வெளியேறுபவர்கள் இன்னும் இருக்கிறார்கள்.

அடுத்தது, எந்த நிபந்தனை உயிர்நாடி, எது சில்லறை என்பது. 1991-இல் பொத்தார் ஸ்டீல் வழக்கு. வாரணாசி டீசல் லோகோமோட்டிவ் வொர்க்ஸ் இரும்புக் கழிவை விற்க விட்ட டெண்டரில், வைப்புத்தொகை ரொக்கமாகவோ ஸ்டேட் பாங்க் டிராஃப்டாகவோ இருக்க வேண்டும் என்றிருந்தது. வெற்றி பெற்றவர் யூனியன் பாங்க் சான்றளித்த காசோலையைக் கொடுத்திருந்தார். பணம் உறுதியாகக் கிடைக்கும்தானே, இது துணை நிபந்தனை, தளர்த்தலாம் என்றது உச்ச நீதிமன்றம். இதைக் காட்டி 'என் குறையும் சின்னதுதான்' என்று வாதாடுவார்கள். இங்கே கவனிக்க வேண்டியது, அந்தத் தளர்வைக் கொடுத்தது துறை. நீதிமன்றம் அதை ஆதரித்தது, அவ்வளவுதான். துறை தளர்த்த மறுத்தால் கதை வேறு. 2016-இல் சென்ட்ரல் கோல்ஃபீல்ட்ஸ் வழக்கில் வங்கி உத்தரவாதத்தை டெண்டரில் கொடுத்த படிவத்தில் தராமல் வேறு படிவத்தில் தந்த கூட்டு நிறுவனத்தை நிராகரித்தார்கள். உத்தரவாதம் உத்தரவாதம்தானே என்ற வாதம் எடுபடவில்லை. எது உயிர்நாடி என்று தீர்மானிப்பதும் டெண்டர் விட்டவரே என்று முடிந்தது. வங்கிக் கிளைகள் தங்களிடம் உள்ள படிவத்தில்தான் அடித்துத் தருவார்கள். டெண்டர் படிவத்தை அச்செடுத்துக் கொடுத்து, வரிக்கு வரி ஒப்பிட்டு, காலாவதித் தேதியையும் கோரிக்கைக் காலத்தையும் (வங்கியிடம் பணம் கேட்கக்கூடிய காலம்) சரிபார்த்த பிறகே கையெழுத்து வாங்குங்கள்.

விலையில் நேரும் பிழைக்கு மன்னிப்பு இன்னும் அரிது. 2001-இல் புருலியா நீரேற்று மின்திட்டம் தொடர்பான பட்டேல் இன்ஜினியரிங் வழக்கில், அலகு விலைக்கும் மொத்தத்துக்கும் முரண் இருந்தால் அலகு விலையே செல்லும் என்று டெண்டர் சொன்னது. கணினியில் நேர்ந்த பிழை என்று டெண்டர் போட்டவர் திருத்தக் கேட்டும் உச்ச நீதிமன்றம் இசையவில்லை. 2025 செப்டம்பரில் பிரகாஷ் ஆஸ்ஃபால்ட்டிங்ஸ் வழக்கிலும் அதே முடிவு. மேற்கு வங்கச் சுங்கக் கட்டண வசூல் டெண்டரில் 1,095 நாள்களுக்கான மொத்தத் தொகையைக் கேட்டிருந்தார்கள். ஒருவர் ஒரு நாள் தொகையான 9,72,999 ரூபாயைப் போட்டுவிட்டார். பெருக்கினால் 106 கோடிக்கு மேல், மற்றவர் சொன்ன 91 கோடியை விட அதிகம். அரசுக்கு லாபம்தானே என்று கல்கத்தா உயர் நீதிமன்றம் திருத்த இடம் கொடுத்தது. உறை திறந்த பிறகு விலையைத் தொடக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. அரசுக்கு வருமானம் கூடும் என்ற வாதமே அங்கே நிற்கவில்லை என்றால் வேறு எது நிற்கும்?

ஆகவே இந்தச் சண்டையில் உங்கள் கை ஓங்கியிருக்கும் ஒரே காலம், உறை திறப்பதற்கு முந்தைய நாள்கள். தமிழ்நாடு ஒப்பந்தப்புள்ளி வெளிப்படைத்தன்மைச் சட்டம் 1998-இன் கீழ் வந்த 2000-ஆம் ஆண்டு விதிகளில், 2 கோடி ரூபாய் வரையான டெண்டருக்கு 15 நாள், அதற்கு மேல் 30 நாள் குறைந்தபட்ச அவகாசம். குறைத்தால் மேலதிகாரி எழுத்தில் காரணம் பதிய வேண்டும். இந்த நாள்களில் முன்னேலக் கூட்டம் (டெண்டர் போடும் முன் துறை நடத்தும் விளக்கக் கூட்டம்) இருந்தால் அதில், இல்லாவிட்டால் மின்னஞ்சலிலும் பதிவுத் தபாலிலும், கேள்வி போக வேண்டும்.

கேள்வி கேட்கும் விதத்திலும் ஒரு நுணுக்கம் உண்டு. 'ஒத்த பணி நிபந்தனையைத் தளர்த்தித் தருமாறு கேட்டுக்கொள்கிறோம்' என்று எழுதினால் உங்களுக்குத் தகுதி இல்லை என்று நீங்களே எழுதிக் கொடுத்தது ஆகும். பின்னால் எதிர்மனுவில் அந்தக் கடிதமே உங்களுக்கு எதிரான ஆதாரமாக வரும். இப்படி எழுதலாம்: 'ஒப்பந்தப்புள்ளி ஆவணத்தின் தகுதிப் பிரிவில் உள்ள "ஒத்த பணி" என்ற சொல்லுக்கு ஆவணத்தில் விளக்கம் தரப்படவில்லை. 200 மில்லிமீட்டரும் அதற்கு மேலும் விட்டமுள்ள குடிநீர்க் குழாய் பதிக்கும் பணி அதில் அடங்கும் என்று நாங்கள் புரிந்துகொள்கிறோம். இது சரியா என்பதை அனைத்து ஒப்பந்ததாரர்களுக்கும் பொதுவான திருத்த அறிவிப்பாக வெளியிடக் கோருகிறோம்.' பிரிவு எண், இருக்கும் சொல், உங்கள் புரிதல், ஆம்-இல்லை பதில். பொதுவான அறிவிப்பாகக் கேட்பதற்குக் காரணம், உங்களுக்கு மட்டும் வந்த வாய்மொழி உறுதியோ தனிக் கடிதமோ மற்றவரைக் கட்டுப்படுத்தாது. செயற்பொறியாளர் போனில் 'போடுங்க, பாத்துக்கலாம்' என்றார் என்பது நீதிமன்றத்தில் காற்றோடு போகும் பேச்சு.

பதில் 'டெண்டர் நிபந்தனைப்படி' என்று வரும். பாதிக்கு மேல் அப்படித்தான் வரும்; எழுதுபவருக்கும் பொறுப்பில்லை, படிப்பவருக்கும் பயனில்லை என்ற ரகம். அப்போது இரண்டு வழிதான். உண்மையிலேயே அந்தச் சொல் உங்களை வெளியேற்றும் என்றால், உறை திறக்கும் முன்பே நிபந்தனையையே எதிர்த்து ரிட் போடுவது ஒன்று. டெண்டரில் கலந்துகொண்டு தோற்ற பிறகு நிபந்தனை தவறு என்று சொன்னால் 'அப்போது ஏன் சும்மா இருந்தாய்' என்ற கேள்விக்குப் பதில் இருக்காது. இன்னொன்று, கேள்வி கேட்ட சான்றைப் பத்திரமாக வைத்துக்கொண்டு துணிந்து கலந்துகொள்வது.

இங்கே ஒரு பொறி இருக்கிறது. 'எங்கள் புரிதலுக்கு உட்பட்டு' என்று தொழில்நுட்ப உறைக்குள் எழுதிவிடாதீர்கள். நிபந்தனையோடு கூடிய டெண்டர் என்று அந்த ஒரு வரிக்கே தூக்கிவிடலாம். மும்பையில் நகரப் பேருந்துகளை இயக்கும் பெஸ்ட் நிறுவனம் 1,400 மின்பேருந்துகளுக்கு விட்ட டெண்டரில், ஒருமுறை சார்ஜ் செய்தால் 200 கிலோமீட்டர் ஓட வேண்டும் என்றிருந்தது. டாடா மோட்டார்ஸ் அந்தத் தூரத்தைத் தர நிர்ணயச் சோதனைச் சூழலில் என்று குறித்து ஏலம் போட்டது. சாலையில் ஓடும் நிலைமை வேறு, சோதனைச் சூழல் வேறு, இது விலகல் என்று நிராகரித்தார்கள். 2023 மே மாதம் உச்ச நீதிமன்றம் நிராகரிப்பை உறுதி செய்தது. எதிர்ப்பு எதுவானாலும் தனிக் கடிதமாக, கடைசித் தேதிக்கு முன்பு போகட்டும். உறைக்குள் போவது டெண்டர் கேட்டது மட்டுமே.

நிராகரிப்பு வந்துவிட்ட உங்கள் நிலைக்கு வருவோம். தமிழ்நாட்டுச் சட்டத்தில் 11-ஆவது பிரிவு, ஒப்பந்தப்புள்ளி ஏற்கும் அதிகாரியின் ஆணை கிடைத்த 10 நாளுக்குள் அரசிடம் மேல்முறையீடு செய்ய வழி தருகிறது. ரிட் போட்டால் 'மேல்முறையீடு செய்தீர்களா' என்பதுதான் முதல் கேள்வி. அதனால் மேல்முறையீட்டை உடனே போடுங்கள். கூடவே, முடிவு வரும்வரை விலை உறையைத் திறக்காமல் நிறுத்தக் கேளுங்கள். அது கிடைக்காமல் வேலை ஆணை தரும் வேகம் தெரிந்தால், மேல்முறையீட்டு நகலோடு ரிட் போங்கள். தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டுவிட்டுக் காத்திருப்பது வீண். அதன் 30 நாளுக்குள் இயந்திரங்கள் தளத்தில் இறங்கியிருக்கும். நிராகரிப்புக் காரணத்தை நேரடியாக எழுதிக் கேளுங்கள். 1977-இன் மொகிந்தர் சிங் கில் தீர்ப்புப்படி ஓர் ஆணை அதில் எழுதியுள்ள காரணத்தால்தான் நிற்க வேண்டும். பின்னால் பிரமாணப் பத்திரத்தில் புதுக் காரணம் ஒட்டவைக்க முடியாது. 'தகுதி இல்லை' என்ற இரண்டு சொல் ஆணையை உடைக்க இது உதவும். ஆனால் ஆய்வுக் குழுவின் குறிப்பில் அன்றைக்கே காரணம் இருந்தால் அதை ஏற்பார்கள்.

மனுவை எந்த அடித்தளத்தில் கட்டுவது? 'என் பொருள்தான் சரி' என்பதைக் கடைசிக்குத் தள்ளுங்கள். முதலில் வர வேண்டியது சமமின்மை. இணைய டெண்டரில் தொழில்நுட்ப உறை திறந்ததும் மற்றவர் ஆவணங்களும் போட்டியாளர்களுக்குத் தெரியும். அன்றைக்கே எல்லாவற்றையும் இறக்கி வைத்துக்கொள்ளுங்கள். குடிநீர்க் குழாய் அனுபவம் காட்டிய இன்னொருவர் ஏற்கப்பட்டிருந்தால் நீங்கள் பாதி ஜெயித்த மாதிரி. துறை தன் பொருளைத் தானே மீறிவிட்டது, அஃப்கான்ஸ் தீர்ப்பு அங்கே அதைக் காப்பாற்றாது. 2019-இல் விதர்பா நீர்ப்பாசன வழக்கில், குறைந்த காலத்துக்கு இருந்த வங்கி உத்தரவாதத்தைப் பிறகு திருத்த ஒருவருக்கு மட்டும் இடம் கொடுத்தது செல்லாது என்றானது. 2024 அக்டோபரில் பாரத் கோக்கிங் கோல் தொடர்பான பன்சிதர் வழக்கிலும் ஒருவருக்கு இறுக்கி இன்னொருவருக்கு இளக்கியதைக் கண்டுதான் உச்ச நீதிமன்றம் டெண்டரை ரத்து செய்தது.

அதே துறை இதற்கு முன் விட்ட டெண்டர்களில் 'ஒத்த பணி' என்பதை எப்படிப் படித்தது என்பதும் உதவும். போன ஆண்டு குடிநீர்க் குழாயை ஏற்று இந்த ஆண்டு மறுத்தால், ஏன் மாறியது என்று துறை விளக்க வேண்டியிருக்கும். டெண்டரில் இல்லாத அளவுகோலைப் புதிதாகப் புகுத்தியிருந்தால் அதுவும் வலுவான காரணம்: ஆவணத்தில் 'குழாய்ப் பணி' என்று மட்டும் இருக்க, '3 மீட்டருக்கு மேல் ஆழம்' என்று ஆய்வுக் குழு கேட்டால் அது பொருள்கோள் அல்ல, புது நிபந்தனை.

நிபந்தனையே குறிப்பிட்ட சிலருக்காக வெட்டித் தைத்தது என்றால் அது தனி வழக்கு. 2025 அக்டோபரில் வினிஷ்மா வழக்கில், சத்தீஸ்கர் அரசு அமைப்புகளுக்கே முந்தைய மூன்று ஆண்டில் 6 கோடி ரூபாய்க்கு விளையாட்டுப் பொருள் சப்ளை செய்திருக்க வேண்டும் என்ற நிபந்தனையை உச்ச நீதிமன்றம் நீக்கியது. வெளிமாநிலத்தவரை வாசலிலேயே நிறுத்தும் நிபந்தனை அது.

என்ன நிவாரணம் கேட்பது என்பதிலும் பலர் சறுக்குகிறார்கள். முழு டெண்டருக்கும் தடை கேட்டால் கிடைப்பது கடினம். உள்கட்டமைப்புப் பணிகளுக்குத் தடை கூடாது என்று 2018-இல் குறிப்பிட்ட நிவாரணச் சட்டத்தில் (Specific Relief Act) சேர்த்தார்கள். ரிட் நீதிமன்றங்களும் அதை மனத்தில் வைக்க வேண்டும் என்று 2022-இன் என்.ஜி. புராஜெக்ட்ஸ் தீர்ப்பு சொல்கிறது. 'என் விலை உறையையும் திறக்கட்டும், முடிவு வழக்கின் தீர்ப்புக்கு உட்பட்டது' என்று கேட்பது எளிதில் ஏற்கத்தக்கது. திறந்து பார்த்து நீங்கள் முதல் குறைந்த விலையாக இல்லாவிட்டால், வழக்கே வேண்டாம் என்று உங்களுக்கும் தெரிந்துவிடும். தேர்வானவரை எதிர்மனுதாரராகச் சேர்க்க மறக்காதீர்கள். சேர்க்காவிட்டால் அதற்காகவே தள்ளுபடி ஆகும். அனுபவமுள்ள ஒப்பந்ததாரர் தான் எல்-1 (முதல் குறைந்த விலை) என்று தெரிந்த அன்றே கேவியட் (தன்னைக் கேட்காமல் உத்தரவு தரக் கூடாது என்ற முன்மனு) போட்டிருப்பார், ஆகவே அவர் இல்லாமல் இடைக்கால உத்தரவு வாங்கிவிடலாம் என்றும் கணக்குப் போடாதீர்கள்.

செலவையும் யோசியுங்கள். டாஸ்மாக் மதுப் புட்டிகளில் ஒட்டும் ஹாலோகிராம் முத்திரை டெண்டர் சென்னை உயர் நீதிமன்றத்தில் தொடங்கி 2021-இல் யூஃப்ளெக்ஸ் வழக்காக உச்ச நீதிமன்றத்தில் முடிந்தபோது, டெண்டர் என்றாலே வழக்கு என்று ஆகிவிட்டதை நீதிபதிகள் கண்டித்து, தோற்ற தரப்புக்கு வழக்குச் செலவையும் விதித்தார்கள்.

டெண்டர் கிடைத்து ஒப்பந்தம் கையெழுத்தான பிறகு வரும் பொருள்கோள் சண்டை, அதாவது விலை உயர்வு, கூடுதல் அயிட்டம், தாமத அபராதம் போன்றவை, வேறு பாதை. அங்கே ரிட் நீதிமன்றத்துக்குப் பெரும்பாலும் வேலை இல்லை, நடுவர் தீர்ப்பாயமோ உரிமையியல் நீதிமன்றமோதான். நடுவர் எடுத்த பொருள் ஒப்பந்த வரிகளுக்குள் அடங்கக்கூடியதாக இருந்தால் அதையும் நீதிமன்றம் எளிதில் தொடாது.

உங்கள் விஷயத்தில் இன்று பார்க்க வேண்டியவை மூன்று. ஆணை எந்தத் தேதியில் கைக்கு வந்தது, 10 நாளில் இன்னும் எத்தனை மிச்சம்? ஏற்கப்பட்டவர்களில் யாராவது குடிநீர்க் குழாய் அனுபவம் காட்டியிருக்கிறார்களா? முன்னேலக் கூட்டத்தில் யாரேனும் 'ஒத்த பணி' பற்றிக் கேட்டு, அதற்குத் துறை எழுத்தில் என்ன பதில் சொன்னது? பின்னிரண்டுக்கும் பதில் உங்களுக்குச் சாதகமாக இல்லையென்றால், வழக்குக்கு ஆகும் பணத்தை அடுத்த டெண்டரின் வைப்புத்தொகைக்கு ஒதுக்கிவிடுங்கள்.